சென்னையின் கல்லறைகளில் வரலாறு தேடப் புறப்படுவோருக்கு

சென்னை உயர் நீதிமன்றத்தை ஒட்டி, முன்பு சட்டக் கல்லூரியாக இருந்த வளாகத்தில், ஊசிபோல் உயர்ந்த ஒரு பழைய செங்கல் நினைவிடம் நிற்கிறது. அது 1680-இல் இறந்த ஜோசப் ஹின்மர் என்ற கிழக்கிந்தியக் கம்பெனி அலுவலருக்கும், டேவிட் யேல் என்ற சிறுவனுக்கும் உரியது. ஹின்மர் இறந்த அதே ஆண்டில் அவருடைய மனைவி கேத்தரீன், பின்னாளில் சென்னையின் ஆளுநரான எலிஹு யேலை மணந்தார். அவர்களுக்குப் பிறந்த ஒரே மகன் டேவிட் நான்கு வயதைக்கூட எட்டவில்லை. முதல் கணவரின் கல்லறையிலேயே இரண்டாம் கணவரின் குழந்தையையும் அடக்கம் செய்தார்கள். அமெரிக்காவின் யேல் பல்கலைக்கழகத்துக்குப் பெயர் தந்த குடும்பத்தின் துயரம் இந்த நினைவிடத்தில் இருக்கிறது என்பதை அதன் அருகே நாள்தோறும் நடப்பவர்களில் மிகச் சிலரே அறிவர்.

அங்கே நின்று, மற்ற கல்லறைகள் எங்கே என்று கேட்பதிலிருந்து உங்கள் தேடலைத் தொடங்கலாம். இன்று நீதிமன்ற வாகனங்கள் நிற்கும் அந்த நிலம் ஒரு காலத்தில் ஆங்கிலேயரின் முதல் இடுகாடு. கொய்யாத் தோட்டம் என்று அதை அழைத்தார்கள். 1758 டிசம்பரில் லாலி தலைமையில் பிரெஞ்சுப் படை ஆங்கிலேயரின் புனித ஜார்ஜ் கோட்டையை முற்றுகையிட்டபோது, கோட்டைக்கு நேர் எதிரே உயர்ந்து நின்ற கல்லறைக் கட்டடங்கள் பகைவர் ஒளிந்து சுடுவதற்கு வசதியான அரண்களாகிவிட்டன. 1759 பிப்ரவரியில் முற்றுகை விலகிய பின்னர், இனி ஒருமுறை அப்படி நேரக்கூடாது என்று அவற்றை இடித்தார்கள். எழுத்துப் பொறித்த பலகைக் கற்களைப் பெயர்த்துக் கோட்டைக்குள் இருக்கும் புனித மேரி தேவாலய முற்றத்தில் பதித்தார்கள். யேல் குடும்பத்தின் நினைவிடமும் பவுனி குடும்பத்தின் கல்லறையும் மட்டும் பழைய இடத்திலேயே தங்கின. ஆகவே தேவாலய முற்றத்தில் நீங்கள் கால்வைக்கத் தயங்கும் அந்தக் கற்களில் பெரும்பாலானவற்றின் அடியில் எவரும் இல்லை. அடியில் உறங்குவோர் சாலைக்கு அப்பால், பெயரில்லாமல் கிடக்கின்றனர்.

இந்த நகரத்தில் கல் இருக்கும் இடமும் உடல் இருக்கும் இடமும் ஒன்றாகத்தான் இருக்கும் என்று எண்ணிவிடக் கூடாது. புதிதாக வருவோர் முதலில் கற்க வேண்டியது இதுவே, அடிக்கடி மறப்பதும் இதுவே.

முதல் படி: ஓர் இடத்தைத் தேர்ந்துகொள்ளுங்கள்

ஒரே நாளில் நான்கு கல்லறைத் தோட்டங்களைச் சுற்றி வருபவரிடம் இரவில் எஞ்சுவது எங்கே எடுத்தது என்று தெரியாத படங்கள் மட்டுமே. முதல் சில வாரங்களுக்கு ஓர் இடம் போதும். அதைத் தேர்வதற்கு உங்கள் நாட்டம் எது என்று தெரிந்திருக்க வேண்டும்.

பதினேழு, பதினெட்டாம் நூற்றாண்டுகள் வேண்டுமானால் கோட்டைக்குள் இருக்கும் புனித மேரி தேவாலயம் பொருத்தமானது. 1680 அக்டோபர் 28 அன்று திறக்கப்பட்ட இந்தத் தேவாலயத்தின் முற்றத்தில், 1652-இல் இறந்த எலிசபெத் பேக்கரின் கல்லும் இருக்கிறது. இந்தியாவில் எஞ்சியுள்ள மிகப் பழைய ஆங்கிலேயக் கல்லறைக் கல்லாக அதைக் கருதுவர். உள்ளே ஆளுநர் தாமஸ் மன்றோ அடக்கம் செய்யப்பட்டிருக்கிறார். அவர் 1827-இல் பத்திகொண்டாவில் காலராவால் இறந்து குத்தியில் புதைக்கப்பட்டு, 1831-இல்தான் இங்கே கொண்டுவரப்பட்டார். அவருக்கு முன்பே, 1777-இல், சொந்த ஆட்சிக்குழுவினராலேயே சிறைவைக்கப்பட்டு இறந்த ஆளுநர் பிகாட்டும் இங்கேதான் இருக்கிறார். ஆனால் அவர் பெயரைத் தாங்கிய கல் கிடையாது. ‘நினைவாக’ என்று பொருள்படும் இரண்டு லத்தீன் சொற்கள் மட்டும் பொறித்த ஒரு கல்லை அவருடையதாகக் கருதுகின்றனர்.

1760-களுக்குப் பிந்தைய காலத்துக்குத் தீவுத்திடலை ஒட்டிப் பல்லவன் சாலையில் இருக்கும் புனித மேரி கல்லறைத் தோட்டமும், பத்தொன்பதாம் நூற்றாண்டுக்குக் கதீட்ரல் சாலையில் இருக்கும் புனித ஜார்ஜ் பேராலயத் தோட்டமும் உதவும். பின்னதைக் கட்டிய பொறியாளர் தாமஸ் டி ஹாவிலாண்ட். அந்தப் பேராலயத்தின் கல்லறையில் முதன்முதலாக, 1818-இல், அடக்கம் செய்யப்பட்டவர் அவருடைய மனைவி எலிசபெத். இருபதாம் நூற்றாண்டுக் கிறிஸ்தவக் குடும்பங்களின் வரலாற்றுக்குக் கீழ்ப்பாக்கமும் காசிமேடும் சாந்தோமை அடுத்த கிபிள் தீவும் உண்டு.

என்னைக் கேட்டால், தொடக்கநிலையில் இருப்போருக்கு நான் சொல்லும் இடம் பாரிமுனையில் இருக்கும் ஆர்மேனியத் தேவாலயம்தான். அது சிறியது, அமைதியானது, ஒரே பார்வையில் அடங்கக்கூடியது. 1772-இல் கட்டப்பட்ட அந்தத் தேவாலயம் பழைய ஆர்மேனிய இடுகாட்டின் மேலேயே எழுந்தது. ஆகையால் முற்றமும் தாழ்வாரமும் கல்லறைக் கற்களாலேயே பாவப்பட்டிருக்கின்றன. உலகின் முதல் ஆர்மேனிய மொழி இதழான ‘அஸ்தரார்’ 1794-இல் சென்னையில்தான் வெளிவந்தது. அதை நடத்திய ஹருத்யூன் ஷ்மவோனியன் என்ற பாதிரியார் 1824-இல் மறைந்து இங்கேயே அடக்கமானார். ஒரு மொழியின் இதழியல் அந்த மொழி பேசும் நாட்டிலிருந்து பல்லாயிரம் கிலோமீட்டர் தொலைவில், நம் ஜார்ஜ் டவுனில் பிறந்தது என்பதை அந்தக் கல்லின் முன் நின்று எண்ணிப் பார்க்கும்போது ஒரு சிலிர்ப்பு ஏற்படத்தான் செய்கிறது.

இரண்டாம் படி: ஊரின் சொற்களைக் கற்றுக்கொள்ளுங்கள்

வழி கேட்பதற்கே சரியான சொல் வேண்டும். புதைக்கும் இடம் இடுகாடு, எரிக்கும் இடம் சுடுகாடு என்ற வேறுபாடு பழைய ஆவணங்களில் முக்கியமானது; மயானம் என்ற சொல் இன்று இரண்டையும் குறிக்கிறது. கிறிஸ்தவர்கள் கல்லறைத் தோட்டம் என்பார்கள். முஸ்லிம்களிடம் கபரஸ்தான் என்றும் மையவாடி என்றும் கேட்கலாம். இறைநேசர் ஒருவரின் அடக்கத் தலம் என்றால் அது தர்கா. சித்தர்களும் துறவிகளும் அடங்கிய இடத்தை ஜீவசமாதி என்பர்; திருவொற்றியூரில் பட்டினத்தார் சமாதியும், திருவான்மியூரில் 1929-இல் மறைந்த பாம்பன் சுவாமிகளின் சமாதியும் இன்றும் வழிபாட்டிடங்களாக இருக்கின்றன. ஆகவே ‘கல்லறை எங்கே’ என்று கேட்டால் அங்கே எவரும் வழிகாட்டமாட்டார்கள்.

தெருப் பெயர்களையும் இதே கவனத்துடன் படிக்க வேண்டும். ஆர்மேனியத் தேவாலயம் இருக்கும் தெருவைத் தமிழில் அரண்மனைக்காரன் தெரு என்கிறோம். அந்தத் தெருவில் அரண்மனை எதுவும் இருந்ததாகத் தேடி அலைய வேண்டாம். ஆர்மேனியன் என்ற சொல் தமிழ் நாவில் புரண்டு அப்படி ஆயிற்று. பவழக்காரத் தெரு, பவழமும் வைரமும் வணிகம் செய்த ஐரோப்பிய யூதர்களை நினைவில் வைத்திருக்கிறது. அவர்களுடைய இடுகாடு முன்பு தங்கசாலைப் பகுதியில் இருந்தது. நகரம் நெருக்கியபோது கற்களைப் பெயர்த்து எடுத்துச் சென்றார்கள், இப்போது அவை ராயப்பேட்டைப் பக்கம் லாயிட்ஸ் சாலையில் ஒரு சிறிய சுற்றுச்சுவருக்குள் இருக்கின்றன. அந்தச் சாலைக்கும் இன்று அவ்வை சண்முகம் சாலை என்று பெயர். பழைய பெயர், புதிய பெயர், பேச்சு வழக்குப் பெயர் ஆகிய மூன்றையும் உங்கள் குறிப்பேட்டில் முதல் பக்கத்திலேயே எழுதிவைப்பது பின்னால் பல மணி நேரத்தை மிச்சப்படுத்தும்.

மூன்றாம் படி: அனுமதியும் நடத்தையும்

கோட்டை தலைமைச் செயலகமாகவும் இருப்பதால் அடையாள அட்டை இல்லாமல் உள்ளே செல்ல இயலாது. உயர் நீதிமன்ற வளாகத்திலும் காவல் கெடுபிடி உண்டு. தேவாலயத் தோட்டங்களில் ஆலய அலுவலகத்தில் நோக்கத்தைச் சொல்லி அனுமதி பெற்ற பின்பே படம் எடுக்க வேண்டும். மாநகராட்சி மயானங்களில் பணியாளர்களிடம் பேசுங்கள். தலைமுறைகளாக அங்கே வேலை செய்யும் குடும்பங்கள் உண்டு. எந்த மூலை எப்போது நிரம்பியது, எந்தச் சுவர் எப்போது உள்நோக்கி நகர்ந்தது என்பது அவர்களுக்குத் தெரிந்த அளவுக்கு எந்த ஆவணத்திலும் இராது. அவர்களைப் பழைய சாதிப் பெயரால் விளிக்கும் வழக்கம் இன்னும் சிலரிடம் இருக்கிறது. அதை நீங்கள் செய்யாதீர்கள். ஐயா, அம்மா, அண்ணன் என்று அழைப்பதே முறை.

நவம்பர் 2, கல்லறைத் திருநாள். அன்று கீழ்ப்பாக்கத்திலும் காசிமேட்டிலும் கல்லறைகளைக் கழுவி, வெள்ளையடித்து, பூவும் மெழுகுவத்தியும் வைத்துக் குடும்பம் குடும்பமாக அமர்ந்திருப்பார்கள். எந்தக் கல்லறைக்கு இன்னும் ஆள் இருக்கிறது, எது கைவிடப்பட்டது என்பதை ஒரே நாளில் கண்டுகொள்ள அதைவிட நல்ல வாய்ப்பு இல்லை. ஆனால் கேமராவைப் பையிலேயே வைத்துவிட்டுச் செல்லுங்கள். முஸ்லிம்கள் இறந்தோருக்காக வேண்டிக்கொள்ள மையவாடிகளுக்கு வரும் பராஅத் இரவுக்கும் இதே நெறி பொருந்தும்.

நான்காம் படி: கல்லைப் படித்தல்

தேய்ந்த எழுத்தைப் படிக்கத் தேவைப்படுவது பக்கவாட்டு வெளிச்சம் மட்டுமே. காலை ஏழு மணி வெயில் அல்லது மாலை ஐந்து மணி வெயில் கல்லின் மேல் சாய்வாக விழும்போது, நண்பகலில் வெறும் கல்லாகத் தெரிந்த இடத்தில் வரிகள் எழுந்து நிற்கும். மரநிழலில் இருக்கும் கல்லுக்கு ஒரு கண்ணாடியால் வெயிலைத் திருப்பியோ, கைவிளக்கைக் கல்லின் விளிம்பில் கிடைமட்டமாகப் பிடித்தோ அதே பயனைப் பெறலாம். தூசியை நீக்க மென்மையான தூரிகையும் வெறும் தண்ணீரும் போதும். கம்பித் தூரிகை, அமிலம், பிளீச்சிங் பவுடர், எழுத்துக்குள் சுண்ணக்கட்டியோ மாவோ பூசுதல் ஆகிய எதுவும் கூடாது. ஒரு நாள் தெளிவாகத் தெரிவதற்காக நூறாண்டு எழுத்தை அரித்துவிடும் செயல்கள் அவை. எண்களில் 3-உம் 8-உம், 1-உம் 7-உம் ஏமாற்றும். நான் ஒருமுறை 1780 என்றிருந்ததை 1730 என்று குறித்துக்கொண்டு, அப்படி ஒருவர் அந்தக் காலத்தில் சென்னையிலேயே இல்லையே என்று ஒரு மாதம் குழம்பியிருக்கிறேன். ஐயமுள்ள எண்ணுக்குக் கீழே கோடிட்டு வையுங்கள், ஊகித்து நிரப்பாதீர்கள்.

கல்லின் வகையையும் கவனியுங்கள். பழைய கற்களில் பல, பல்லாவரம், பரங்கிமலைப் பகுதியில் வெட்டிய கருமையான உறுதியான பாறையால் ஆனவை. அந்தக் கல்லுக்கு வங்காளம் வரை கிராக்கி இருந்தது. கொல்கத்தாவில் கம்பெனி அதிகாரி ஜாப் சார்னாக்கின் கல்லறைக் கல் இந்த வகைப் பாறையே என்று கண்ட புவியியலாளர் தாமஸ் ஹாலண்ட், பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் இதற்குச் சார்னோக்கைட் என்று பெயரிட்டார். நம் ஊர்ப் பாறைக்கு வேற்றூர்க் கல்லறையிலிருந்து பெயர் கிடைத்த கதை இது.

ஐந்தாம் படி: காலக்கணக்கு

ஆங்கிலேயர்கள் 1752-க்கு முன்பு மார்ச் 25-ஆம் நாளையே ஆண்டின் தொடக்கமாகக் கொண்டிருந்தனர். எனவே ஒரு பழைய கல்லில் ஜனவரி 1687 என்றிருந்தால் நம் கணக்கில் அது 1688. டேவிட் யேல் இறந்த ஆண்டை ஒருவர் 1687 என்றும் மற்றொருவர் 1688 என்றும் எழுதுவதற்குக் காரணம் இதுவே; இருவரும் தவறு செய்யவில்லை. ஆர்மேனியக் கல்லில் ஆர்மேனிய ஆண்டு இருந்தால் அதனுடன் 551-ஐக் கூட்ட வேண்டும். யூத ஆண்டிலிருந்து 3760-ஐக் கழிக்க வேண்டும். ஹிஜ்ரி ஆண்டு சுமார் 354 நாள்களே கொண்டதால் இவ்வளவு கூட்டலாம் என்று ஒரே எண்ணைச் சொல்ல முடியாது, அட்டவணை தேவை. பாரசீகக் கல்வெட்டுகளில் ஆண்டை எண்ணாக எழுதாமல், எழுத்துகளின் மதிப்பைக் கூட்டினால் ஆண்டு வரும்படி ஒரு தொடரை அமைத்துவிடுவதும் உண்டு. திருவல்லிக்கேணியில் 1795-இல் எழுந்த வாலாஜா பள்ளிவாசலில் அத்தகைய வரிகளை இயற்றியவர் மக்கன் லால் என்ற இந்துப் புலவர். அந்தப் பள்ளிவாசலின் வளாகத்தில்தான் 1972 ஏப்ரல் 5 அன்று மறைந்த காயிதே மில்லத் முகம்மது இஸ்மாயில் அடக்கமாகியிருக்கிறார்.

நம் காலத்துக்கு அருகிலும் இந்தச் சிக்கல் உண்டு. பாரதியார் மறைந்தது 1921 செப்டம்பர் 11 நள்ளிரவு கடந்து. மாநகராட்சியின் இறப்புப் பதிவு 12 என்கிறது. பொழுது விடிந்தால்தான் மறுநாள் என்று எண்ணும் நம் வழக்கப்படி 11-ஐயே நினைவுநாளாக நெடுங்காலம் கொண்டாடினோம். அவரைக் கிருஷ்ணாம்பேட்டை மயானத்தில் எரித்தார்கள். உடன் சென்றவர்கள் இருபது பேர்கூட இல்லை என்பர்.

ஆறாம் படி: பதிவேடுகள்

கல்லில் படித்ததைக் காகிதத்தில் சரிபார்க்காமல் எதையும் எழுதக் கூடாது. தொடங்க வேண்டிய நூல், ஐ.சி.எஸ். அதிகாரி ஜே. ஜே. காட்டன் தொகுத்து 1905-இல் வெளிவந்த சென்னை மாகாணக் கல்லறை வாசகங்களின் பட்டியல். இன்று அழிந்துபோன பல கற்களின் வாசகம் அதில் முழுமையாக இருக்கிறது. இணையத்தில் இலவசமாகவே படிக்கலாம். அதை அச்சிட்டு எடுத்துச் சென்று, எது இன்னும் இருக்கிறது, எது இல்லை என்று கல்லுக்கு எதிரே குறியிடுவது புதியவர் ஒருவர் செய்யக்கூடிய மிகப் பயனுள்ள வேலை. எச். டி. லவ் 1913-இல் வெளியிட்ட பழைய சென்னை வரலாற்றுத் தொகுதிகள் இடங்களை அடையாளம் காண உதவும்.

புனித மேரி தேவாலயத்தின் ஞானஸ்நான, திருமண, அடக்கப் பதிவுகள் 1680 முதல் உள்ளன. தேவாலயங்களின் பதிவுகளுக்குப் படி எடுத்து லண்டனுக்கு அனுப்பும் வழக்கம் இருந்ததால், பிரிட்டிஷ் நூலகத்திலும் அவற்றைத் தேடலாம். எழும்பூரில் தமிழ்நாடு ஆவணக் காப்பகமும் கன்னிமாரா நூலகமும், தரமணியில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகமும் இருக்கின்றன. பழைய தமிழ் இதழ்களில் வந்த இரங்கல் குறிப்புகளுக்கு இந்த மூன்றாவது இடமே சிறந்தது.

போர் வீரர் ஒருவரைத் தேடுவோருக்கு வேலை எளிது. நந்தம்பாக்கத்தில் 1952-இல் அமைந்த போர்க் கல்லறையில் இரண்டாம் உலகப் போரில் இறந்த 850-க்கும் மேற்பட்டோர் அடக்கமாகியுள்ளனர். தென்னிந்தியாவிலும் கிழக்கிந்தியாவிலும் சிதறிக் கிடந்த கல்லறைகளை அங்கே ஒன்றுசேர்த்தார்கள். பின்புறச் சுவரில் முதல் உலகப் போரில் இறந்த ஆயிரத்துக்கும் மேற்பட்டோரின் பெயர்கள் உள்ளன. பெயரைத் தந்தால் காமன்வெல்த் போர்க் கல்லறை ஆணையத்தின் இணையதளமே வரிசை எண்ணைக் காட்டிவிடும்.

ஏழாம் படி: கல் இல்லாதவர்கள்

இதுவரை சொன்ன வழிகளை மட்டும் பின்பற்றினால், சென்னையில் வாழ்ந்து இறந்தவர்கள் எல்லாரும் ஆங்கிலேயரும் ஆர்மேனியரும் வசதி படைத்தவர்களுமே என்ற முடிவுக்கு வந்துவிடுவீர்கள். எரிக்கப்பட்டவருக்குக் கல் இல்லை, ஏழைக்கும் இல்லை. 1780-களின் தொடக்கத்தில் ஐதர் அலியின் படையெடுப்பையொட்டி நேர்ந்த பஞ்சத்தில் கஞ்சித் தொட்டி திறந்து, மணியக்காரர் சத்திரமாக நிலைத்த அறச்சாலையின் வழியாகவும், 1876 முதல் 1878 வரையிலான தாது வருடப் பஞ்சத்தின் நிவாரண முகாம்களின் வழியாகவும் கடந்துபோனவர்களுக்கு எந்தத் தோட்டத்திலும் பெயர் கிடையாது. அவர்களைத் தேட இறப்புப் புள்ளிவிவரம், மருத்துவமனை அறிக்கை, வாய்மொழி வழக்கு ஆகியவற்றுக்குச் செல்ல வேண்டும்.

இந்த வகையில் வடசென்னையின் மூலகொத்தளம் மயானத்துக்கு அவசியம் ஒருமுறை செல்லுங்கள். கொத்தளம் என்ற சொல்லே பழைய நகர மதிலின் நினைவைத் தாங்கியது. முதல் இந்தி எதிர்ப்புப் போராட்டத்தில் சிறைப்பட்டு 1939 ஜனவரியில் உயிர்நீத்த நடராசனுக்கும், அடுத்து மார்ச்சில் உயிர்நீத்த தாளமுத்துவுக்கும் அங்கே நினைவிடம் உள்ளது. எழும்பூரில் தாளமுத்து நடராசன் மாளிகை என்ற பெயரில் இயங்கும் அரசு அலுவலகத்துக்கு நாள்தோறும் வருவோருக்கு அந்த இருவர் எங்கே அடக்கமானார்கள் என்பது தெரிந்திருப்பதில்லை. பெயர் ஓரிடத்தில், கல்லறை ஓரிடத்தில். கோட்டை முற்றத்தில் கண்ட அதே நிலைமை இங்கும்.

இன்னும் பின்னோக்கிச் செல்ல விரும்புவோருக்குப் பல்லாவரம் இருக்கிறது. 1863 மே 30 அன்று ராபர்ட் புரூஸ் ஃபூட் அங்கே பழைய கற்காலக் கருவி ஒன்றைக் கண்டெடுத்தார். அதே பகுதியில் பெருங்கற்கால மக்களின் சுடுமண் ஈமப்பேழைகளும் அகழ்ந்தெடுக்கப்பட்டன. எழும்பூர் அருங்காட்சியகத்தில் அத்தகைய பேழையைக் காணலாம். தொல்லியல் துறையின் பாதுகாப்பில் உள்ள இடத்தைச் சுற்றி 100 மீட்டருக்குள் கட்டடம் கட்டுவது சட்டப்படி தடை. அந்த எல்லைக்குள் வீடுகள் உள்ளோரின் கவலையையும் கேட்டு எழுதுங்கள், அதுவும் அந்த இடத்தின் வரலாறே.

எட்டாம் படி: குறித்துவைத்தல்

ஒவ்வொரு கல்லுக்கும் மூன்று படங்கள் எடுங்கள்: முழுக் கல், எழுத்து மட்டும், சுற்றுப்புறத்துடன் சேர்ந்த காட்சி. மூன்றாவதை எடுக்கப் பலரும் மறந்துவிடுவார்கள். ஆனால் கல் மீண்டும் நகர்ந்தால், அது எங்கே இருந்தது என்பதற்கு அந்தப் படமே சாட்சி. வாசகத்தை வரி பிரிந்திருக்கும் இடத்திலேயே பிரித்து, எழுத்துப் பிழையையும் திருத்தாமல் படியெடுக்க வேண்டும். எந்தத் தேதியில் பார்த்தீர்கள் என்பதை எழுதுங்கள். கல் தன் முதல் இடத்தில் இருக்கிறதா, பெயர்த்து வைக்கப்பட்டதா என்ற கேள்விக்குத் தனியாக ஒரு கட்டம் ஒதுக்கி, தெரியாவிட்டால் தெரியவில்லை என்றே குறியுங்கள். சமீபத்தில் இறந்தவர்களின் கல்லறைகளையும் உறவினர் இன்னும் வந்துபோகும் கல்லறைகளையும் பொதுவெளியில் இடாதீர்கள். வேலை முடிந்ததும் குறிப்புகளின் ஒரு படியை அந்தத் தேவாலய அலுவலகத்திலோ பள்ளிவாசல் நிர்வாகத்திடமோ கொடுத்துவிட்டு வாருங்கள். அடுத்து வருபவர் அவர்களிடம்தான் முதலில் கேட்பார்.